அம்மாவின் ரேடியோ ஒரு நிமிடம் முந்தி

கோடியாக், அலாஸ்கா
3 அக்டோபர் 2022

டுவெய்ன் அண்ணாவுக்கு,

நலமா என்று கேட்க எனக்கு இனி உரிமை இருக்கிறதா என்று தெரியவில்லை. இருந்தாலும் கேட்கிறேன்.

இந்த ஒரு வாரத்தில் பதினோரு தடவை போன் செய்துவிட்டேன். பதினோரு தடவையும் மணி அடித்து ஓய்ந்தது. அதனால் எழுதுகிறேன். குப்பையில் போடுவதாக இருந்தாலும் ஒரு முறை படித்துவிட்டுப் போடு.

அம்மாவை அடக்கம் செய்தபோது நான் இல்லை. இந்தத் தீவில் மூடுபனி இறங்கினால் விமானம் ஏறாது. மூன்று நாள் விமான நிலைய நாற்காலியில் கறுப்பு உடையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். சனிக்கிழமை சாயங்காலம் ஆங்கரேஜில் இறங்கி உனக்குப் போன் செய்தேன். அந்த ஒரு தடவைதான் எடுத்தாய். "எல்லாம் முடிஞ்சு போச்சு. இனிமே வந்து யாருக்கு என்ன?" என்று சொல்லி வைத்துவிட்டாய். வேறு யாராவது சொல்லியிருந்தால் ஆத்திரத்தில் சொன்னது என்று தள்ளிவிட்டு வந்திருப்பேன். நீ நாலு தடவை யோசித்துத்தான் வாயைத் திறப்பாய். அதனால் அங்கிருந்தே திரும்பிவிட்டேன்.

ஒன்றே ஒன்று கேட்கிறேன். சமையலறை ரேடியோவை நீயே வைத்துக்கொள். நம் பேஸ்பால் டீமின் ஆட்டம் வரும் இடத்தில் அம்மா டயலில் சிவப்பு நகப்பூச்சால் புள்ளி வைத்திருப்பாளே, அந்தப் புள்ளியில் இங்கே கடல் இரைச்சல்தான் கேட்கும். எனக்கு அவளுடைய ஸ்கோர் நோட்டு மட்டும் வேண்டும். அதிலும் செப்டம்பர் 18ஆம் தேதிப் பக்கம். அந்த ஒரு பக்கத்தைக் கிழித்து அனுப்பினாலும் போதும்.

எதற்கு என்று கேட்காதே.

உன் தங்கை,
ஜனெல்


ஹால்வர், அயோவா
14 அக்டோபர் 2022

ஜனெல்,

கடிதம் வந்தது. சோயா அறுவடை நடக்கிறது. நீளமாக எழுத நேரமில்லை. எழுதவும் வராது.

நோட்டைத் தரமாட்டேன். முதலில் நான் கேட்பதற்குப் பதில் சொல்.

அன்று மூன்று நாற்பதுக்குச் சமையலறைக்குள் வந்தேன். அம்மா நாற்காலியில் ஒரு பக்கமாகச் சாய்ந்து கிடந்தாள். வாய் கோணியிருந்தது. கண் திறந்திருந்தது. ஒரு காதில் ரேடியோவின் இயர்போன் இருந்தது. பென்சில் தரையில் கிடந்தது. மேஜை மேல் போன் ஸ்பீக்கரில் இருந்தது, அதில் உன் குரல். நீ சிரித்துக்கொண்டிருந்தாய். "பேசாதேம்மா, பேசாதே. எத்தனை இன்னிங்ஸ் தாங்குறேன்னு நானும் பாக்குறேன்." இதுதான் நீ பேசியது. ஒரு வார்த்தை கூட்டவில்லை, குறைக்கவில்லை.

அதனால்தான் போனைப் பிடுங்கி அணைத்தேன்.

மூளைக்குப் போகும் ரத்தக் குழாயில் அடைப்பு என்றார் டாக்டர். அடைப்பைக் கரைக்க ஒரு மருந்து உண்டாம். நாலரை மணி நேரத்துக்குள் கொடுக்க வேண்டுமாம். எப்போது ஆரம்பித்தது என்று கேட்டார். தெரியாது என்றேன். மதியம் பன்னிரண்டுக்குச் சாப்பிட்டபோது நன்றாக இருந்தாள் என்று மட்டும் சொன்னேன். நகரத்து ஆஸ்பத்திரி போய்ச் சேர்ந்தபோதே ஐந்து மணி. பன்னிரண்டிலிருந்து கணக்குப் பார்த்துக் கையை விரித்துவிட்டார்கள். செவ்வாய்க்கிழமை போய்விட்டாள்.

நேரம் தெரிந்தவள் நீ. பதில் பேசாத அம்மாவோடு எவ்வளவு நேரம் பேசிக்கொண்டிருந்தாய்? எத்தனை நிமிஷம் என்று சொல்.

டுவெய்ன்


கோடியாக்
27 அக்டோபர் 2022

அண்ணா,

ஐம்பது நிமிஷம். நீ கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிட்டேன்.

இனி ஏன் என்று சொல்கிறேன். மன்னிப்புக்காக இல்லை. உன்னைத் தவிர இதைச் சொல்ல எனக்கு ஆள் கிடையாது.

அம்மா ரேடியோவில் கேட்கும் அதே வர்ணனையைத்தான் நான் இங்கே போனில் ஒரு ஆப் வழியாகக் கேட்கிறேன். அதே மனுஷர், அதே குரல். ஆனால் இன்டர்நெட்டில் ஊர் சுற்றி வருவதால் ஒரு நிமிஷம் பின்தங்கித்தான் வந்து சேரும். முதல் வருஷம், ஞாயிற்றுக்கிழமை ஆட்டங்களைச் சேர்ந்து கேட்போம் என்று போன் போட்டேன். எனக்கு இன்னும் பந்து அதை எறிகிற பிட்சர் கையிலேயே இருக்கும். அதற்குள் அங்கே அம்மா, "போயிருச்சுடி! வேலியத் தாண்டிப் போயிருச்சு!" என்று கத்திவிடுவாள். "முந்திரிக்கொட்டை மாதிரி ஏம்மா முந்திக்கிற? உன்னோட சேர்ந்து கேக்குறதும் ஒண்ணு, நேத்து பேப்பரைப் படிக்கிறதும் ஒண்ணு" என்று எரிந்து விழுவேன். நீயும் ஆப்பிலேயே கேளேன் என்றேன். "ஒரு நிமிஷம் ஆறிப்போன காபியை நான் ஏன் குடிக்கணும்?" என்றாள். அயோவாவில் இருப்பவர்களுக்கு ஆப்பில் ஆட்டத்தின் படம் வராது, தடை என்று தெரிந்த அன்று அவள் பேசிய பேச்சைக் கேட்டிருக்க வேண்டும். "மைதானத்துக்கு நாலு மணி நேரத்துல கார்ல போயிடுவேன், எனக்குக் கிடையாதாம். கரடியோட குடித்தனம் பண்றவளுக்கு உண்டாம்!"

சண்டையில் இரண்டு ஞாயிறு நான் கூப்பிடவே இல்லை. மூன்றாவது ஞாயிறு அவளே கூப்பிட்டாள். "சரிடி, நான் வாயை மூடிக்கிறேன். நீ வந்து சேர்ற வரைக்கும் காத்திருக்கேன், போதுமா?"

ரேடியோ சத்தம் போனில் விழக்கூடாது என்று இயர்போன் வாங்கி ஒரு காதில் மாட்டிக்கொண்டாள். அன்றிலிருந்து ஆறு வருஷம், ஏதாவது பெரிதாக நடந்தால் பேச்சைப் பாதியில் நிறுத்திவிடுவாள். மூச்சு மட்டும் கேட்கும். எதிர்ப்பக்கம் அவள் சிரிப்பை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பது எனக்குத் தெரியும். ஒரு நிமிஷம் கழித்து நான் கத்துவேன். அவளும் அப்போதுதான் கேட்டவள் மாதிரி கூடவே கத்துவாள். இந்த ஊரில் மீன் ஆலைக்குப் போய் மீனைத் தரம் பிரித்துவிட்டு வந்து தனியாகச் சாப்பிட்டுத் தூங்குகிறவளுக்கு வாரம் முழுவதும் அந்த ஒரு நிமிஷம்தான் இருந்தது.

அன்றைக்கு நாலாவது இன்னிங்ஸில், குடும்பமே கூடும் நன்றி விழாவுக்கு ஊருக்கு வரமுடியாது என்று சொன்னேன். "உன் இஷ்டம்" என்றாள். பிறகு வேறு பேசினோம். ஆறாவது இன்னிங்ஸ். நம் ஆட்கள் இரண்டு பேர் பேஸில் நிற்கிறார்கள். அம்மா உன்னைப் பற்றித்தான் பேசிக்கொண்டிருந்தாள். "உங்கண்ணன் அந்தக் கிழிஞ்ச கோட்டை இன்னும் விடமாட்டேங்கிறான், நானும் சொல்லிச் சொல்லி" என்றவள் பாதியில் நிறுத்தினாள்.

எனக்கு ஒரே குஷி. ஏதோ நடந்துவிட்டது என்று காத்திருந்தேன். ஒரு நிமிஷத்தில் எனக்கும் வந்து சேர்ந்தது. ஹோம் ரன், பந்து வேலியைத் தாண்டி வெளியே, மூன்று ரன். நாற்காலியை விட்டு எழுந்து கத்தினேன். அவள் கத்தவில்லை. "என்னம்மா, சந்தோஷமே இல்லையா?" என்றேன். பதில் இல்லை. மூச்சு மட்டும் கேட்டது.

ஓகோ, நன்றி விழாக் கோபம் இப்போது வெளியே வருகிறது என்று நினைத்தேன். அவள் கோபித்தால் பேசமாட்டாள், உனக்குத் தெரியாததா? அப்பாவோடு எட்டு நாள் பேசாமல், உப்பு வேண்டும் என்றால்கூட சீட்டு எழுதி நீட்டினாளே. நீ மௌன விரதம் இருந்தால் நானும் விடமாட்டேன் என்று வீம்பு எனக்கு. கிண்டல் செய்தேன். பாட்டுப் பாடிக் காட்டினேன். ஐம்பது நிமிஷம் அண்ணா, அவள் உயிர் போய்க்கொண்டிருந்த மூச்சைக் கேட்டுக்கொண்டே சிரித்திருக்கிறேன். அந்தச் சிரிப்பின் நடுவில்தான் நீ உள்ளே வந்தாய்.

நீ போனை அணைத்த பிறகு விடாமல் கூப்பிட்டேன். ஆறாவது இன்னிங்ஸ், ஹோம் ரன் என்று சொல்லத்தான் கூப்பிட்டேன். நீ எடுக்கவில்லை. இதைக் குத்திக்காட்டச் சொல்லவில்லை.

இப்போது நோட்டு எதற்கு என்று சொல்கிறேன். ஹோம் ரன் என்றால் அம்மா அந்த ஆளின் கட்டத்தில் நட்சத்திரம் போடுவாள். அன்றைக்குப் போட்டாளா? அவள் எனக்காக வாயை மூடினாளா, இல்லை, அவள் வாய் தானாக மூடிப்போனதா? எனக்கு அது தெரிய வேண்டும். நீ திட்டு, பேசாமல் இரு, என்ன வேண்டுமானாலும் செய். இதை மட்டும் பார்த்துச் சொல்லிவிடு.

ஜனெல்


ஹால்வர்
20 நவம்பர் 2022

ஜனெல்,

நட்சத்திரம் போட்டிருக்கிறாள்.

முழுதாக இல்லை. அதற்கு ஐந்து கோடு வேண்டும். மூன்று இருக்கிறது. நாலாவது கட்டத்தைத் தாண்டி, கீழே உள்ள பெயர்களைத் தாண்டிப் பக்கத்தின் ஓரம் வரை இறங்கிப் போயிருக்கிறது. உனக்கு முன்னால் கேட்டிருக்கிறாள். கேட்டுவிட்டு உனக்காகத்தான் வாயை மூடியிருக்கிறாள். மூடினது மூடினபடியே போய்விட்டது.

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிறது. தினமும் எழுத உட்கார்ந்தேன். இனி மறைத்தால் நான் மனுஷன் இல்லை.

அன்று நானும் அதே ஆட்டத்தைக் கேட்டுக்கொண்டிருந்தேன். கொட்டகையில், டிராக்டர் ரேடியோவில். ஹோம் ரன் என்றால் அம்மா பின்கதவைத் திறந்து வாணலி மூடியை இரண்டு தட்டு தட்டுவாள், நான் டிராக்டர் ஹாரனை இரண்டு தடவை அடிப்பேன். அப்பா காலத்துப் பழக்கம். உனக்கு ஞாபகம் இருக்கும். ஆனால் நீ போனில் இருக்கும் ஞாயிறுகளில் மூடிச் சத்தம் உடனே வராது என்பது உனக்குத் தெரியாது. அந்தச் சத்தம் போனில் கேட்டுவிடும் என்று நீ கத்துகிற வரைக்கும் அம்மா காத்திருப்பாள். அப்புறம்தான் எனக்குத் தட்டுவாள். கூடவே இருந்து கஞ்சி ஊற்றுகிறவனுக்கு இரண்டாவது இடம். அம்பத்தோரு வயசு ஆளுக்கு இது ஒரு வருத்தமா என்று கேட்காதே. ஆறு வருஷமாக உறுத்தியது.

அன்று ஹோம் ரன் கேட்டேன். கொட்டகைக் கடிகாரத்தைப் பார்த்தேன். இரண்டு ஐம்பது. ஒரு நிமிஷம் பொறுத்தேன். மூடிச் சத்தம் வரவில்லை. இன்னும் ஒரு நிமிஷம். வரவில்லை. மகளோடு கொண்டாட்டத்தில் என்னை மறந்துவிட்டாள், மறக்கட்டும் என்று நினைத்தேன். ஹாரனும் அடிக்கவில்லை. ரேடியோவைச் சத்தமாக வைத்துவிட்டு டிராக்டரின் பெல்ட் ஒன்றைக் கழற்றி மாட்டிக்கொண்டு அங்கேயே இருந்தேன். கொட்டகைக்கும் சமையலறைக்கும் எழுபது அடி. நீ இரண்டாயிரம் மைலுக்கு அப்பால் இருந்தாய்.

இன்னும் இருக்கிறது. டாக்டர் எப்போது ஆரம்பித்தது என்று கேட்டபோது எனக்குத் தெரியும். மூடி தட்டாத நேரம் எனக்கு நிமிஷத்தோடு தெரியும். இரண்டு ஐம்பது என்று சொல்ல வாய் வரைக்கும் வந்தது. சொன்னால், அப்போதே ஏன் போய்ப் பார்க்கவில்லை என்று கேட்பாரே என்று நாக்கு ஒட்டிக்கொண்டது. தெரியாது என்றேன். இரண்டு ஐம்பது என்றால் மருந்துக்கு இன்னும் நேரம் இருந்தது, ஜனெல். கொடுத்திருந்தாலும் பிழைத்திருப்பாள் என்று உறுதி இல்லையாம். அதையே சொல்லிச் சொல்லித் தூங்கப் பார்க்கிறேன். முடியவில்லை.

உன் போனை எடுக்காததற்குக் காரணம் உன்மேல் கோபம் இல்லை. நீ நேரத்தைச் சொல்லிவிடுவாய் என்ற பயம். உன்னைப் பார்த்துக் கேட்டதெல்லாம் நான் என்னைக் கேட்க வேண்டியது.

நோட்டை முழுதாக அனுப்பியிருக்கிறேன். கிழிக்க மனம் வரவில்லை.

டுவெய்ன்


கோடியாக்
19 பிப்ரவரி 2023

அண்ணா,

மூன்று மாதம் உன்னை வெறுத்தேன். அதை மறைத்துவிட்டு இந்தக் கடிதத்தை ஆரம்பிக்க முடியாது. நன்றி விழா அன்றும், கிறிஸ்துமஸ் அன்றும், பாழாய்ப் போன புது வருஷத்தன்றும் வெறுத்தேன். இரண்டு ஐம்பது என்று இரண்டு வார்த்தை. அதைச் சொல்ல முடியவில்லையா உனக்கு? அம்மா படுக்கையில் கிடக்கிறாள், நீ உன் மானத்தைப் பார்த்தாயா? இப்படி எழுதிய நாலு கடிதங்கள் இங்கே இழுப்பறையில் கிடக்கின்றன. அனுப்பவில்லை.

நோட்டை மேஜையில் விரித்தே வைத்திருக்கிறேன். அந்த நாலாவது கோட்டை விரலால் தடவிப் பார்ப்பது பழக்கமாகிவிட்டது. நேற்று தடவிக்கொண்டிருந்தபோது ஒன்று தோன்றியது. அவள் கை இழுத்துக்கொண்டு போன அந்த ஒரு நிமிஷத்தில் இரண்டு பேர் அவளுக்காகக் காத்துக்கொண்டிருந்தோம். அவள் குரலுக்காக நான், மூடிச் சத்தத்துக்காக நீ. இரண்டு பேருக்கும் வரவில்லை. இரண்டு பேருமே, அவள் நம்மை ஒதுக்கிவிட்டாள் என்று முடிவு கட்டினோம். அவளுக்கு என்ன ஆயிற்றோ என்று ஒருத்தருக்கும் தோன்றவில்லை. அந்தத் தாய்க்கு வாய்த்த பிள்ளைகளைப் பார்.

உன்னை மன்னித்துவிட்டேனா என்றால் தெரியாது. ஆனால் இதை வேறு யாரோடு நான் பேச முடியும்? யாரிடம் சொன்னாலும், "போன்ல மூச்சு கேட்டுச்சு, அதான் உயிரோட இருக்காங்கன்னு நெனச்சிட்டீங்க, பாவம்" என்பார்கள். அவர்களுக்கு அந்த நிமிஷம் புரியாது. அது உனக்கு மட்டும்தான் புரியும்.

அம்மா சொன்ன அந்தக் கிழிந்த கோட்டை மாற்றினாயா? சொல்லு.

ஜனெல்


ஹால்வர்
12 மார்ச் 2023

ஜனெல்,

கோட்டை மாற்றிவிட்டேன். அவள் சொல்லும்போது மாற்றாதவன் இப்போது மாற்றினேன்.

மாதக் கடைசியில் சீசன் ஆரம்பம். ரேடியோவை அப்புறம் நான் தொடவில்லை. சிவப்புப் புள்ளி அப்படியே இருக்கிறது. ஏப்ரல் 2, முதல் ஞாயிறு. உனக்குச் சம்மதம் என்றால் கூப்பிடு, எடுப்பேன்.

ஆனால் இயர்போன் மாட்டமாட்டேன். அதை அவளோடு சவப்பெட்டியில் வைத்துவிட்டேன். உனக்காக வாயை மூடிக்கொண்டும் இருக்கமாட்டேன். என்ன நடந்தாலும் நடந்த உடனே சொல்லிவிடுவேன். உன் ஆட்டத்தை முழுக்கக் கெடுப்பேன். நீ திட்டிக்கொள்.

டுவெய்ன்


கோடியாக்
3 ஏப்ரல் 2023

அண்ணா,

நேற்று மூன்று மணி நேரம் பேசிவிட்டு இன்றைக்கு எதற்குக் கடிதம் என்று கேட்பாய். போனில் சொல்ல வாய் வரவில்லை. நம் குடும்பத்தில் சொல்ல வேண்டியதெல்லாம் தாமதமாகத்தானே வருகிறது.

முதல் நாலு இன்னிங்ஸ் சொன்ன சொல்லைக் காப்பாற்றினாய். "அவுட்டுடி, எந்திரிச்சுப் போய்க் காபி போட்டுட்டு வா." "இவன் அடிக்கமாட்டான், கண்ணை மூடிக்கோ." ஒன்று விடாமல் கெடுத்தாய். நானும் வாயாரத் திட்டினேன். இத்தனை நாளில் நேற்றுத்தான் சாப்பாடு இறங்கியது.

ஐந்தாவது இன்னிங்ஸில் நீ சட்டென்று நிறுத்தினாய்.

ஏதோ நடந்திருக்கிறது, இன்னும் ஒரு நிமிஷத்தில் எனக்கும் வரும் என்று என் புத்திக்குத் தெரியும். ஆறு வருஷப் பழக்கம். ஆனால் என்னால் பத்து வினாடி தாங்க முடியவில்லை. "அண்ணா! இருக்கியா? அண்ணா! டுவெய்ன்!" என்று நான் போட்ட கூச்சலில் கீழ்வீட்டுப் பிலிப்பினோ அம்மா மாடியேறி வந்து கதவைத் தட்டிவிட்டார்கள்.

"இருக்கேன்டி, இருக்கேன்" என்று தூரத்திலிருந்து உன் குரல் வந்தது. "மூடியைத் தேடிக்கிட்டிருந்தேன்." பின்கதவு திறக்கும் சத்தம் கேட்டது. பிறகு இரண்டு தட்டு. போனுக்குத் திரும்பி வந்தாய். "ஹாரன் அடிக்க ஆளில்லை" என்று மட்டும் சொன்னாய். இங்கே சமையலறை மேஜையை இரண்டு தடவை தட்டினேன். உனக்குக் கேட்டதா, தெரியாது.

அடுத்த ஞாயிறும் கூப்பிடுவேன். நடுநடுவே இருக்கியா என்று கேட்பேன். எரிச்சல் வந்தாலும் பதில் சொல்லு.

நேற்று அந்த ஹோம் ரன் என் காதில் விழவே இல்லை. ஒரு நிமிஷம் கழித்து அது என்னிடம் வந்து சேர்ந்தபோதும் நான் அழுதுகொண்டிருந்தேன். அதனால் ஒன்றும் குறைந்துவிடவில்லை, அண்ணா. அம்மா பேச்சை நிறுத்திய அன்றைக்கும் இப்படித்தான் கத்தியிருக்க வேண்டும். என்னம்மா சந்தோஷமே இல்லையா என்று கேட்டேன். கோபமா என்று கேட்டேன். எத்தனை இன்னிங்ஸ் தாங்குவாய் என்று கேட்டேன். அந்த ஐம்பது நிமிஷத்தில் அம்மா, இருக்கியா என்று மட்டும் ஒரு தடவைகூடக் கேட்கவில்லை.

உன் தங்கை,
ஜனெல்